காலுவா பன்றியும் வாண்டன் ஷீட்டும்: ஹொனலூலு வீட்டு ஸ்டார்ட்டர் தட்டு ஒன்றின் கதை

ஹொனலூலுவில் வீட்டு விருந்து என்றால் பெரும்பாலும் கராஜில்தான். காரைத் தெருவில் நிறுத்திவிட்டு, மடக்கு மேசைகளை வரிசையாகப் போட்டு, அலுமினியத் தட்டுகளை அடுக்கிவிடுவார்கள். முக்கியச் சாப்பாட்டுக்கு முன்னால் ஒரு மேசை முழுக்க கொறிக்கும் அயிட்டங்கள் இருக்கும். அதற்கு அங்கே பூப்பூ என்று பெயர். பல வீடுகளில் அந்த மேசையை வைத்துத்தான் விருந்தையே எடை போடுகிறார்கள்.

இங்கே சொல்லப்போவது ஒரு தோழியின் வீட்டு பூப்பூ மேசையைப் பற்றி. மகள் பள்ளிப் படிப்பை முடித்ததற்கான விருந்து. முப்பது பேர். சாப்பாடு வெளியிலிருந்து வந்துவிடும், பூப்பூ மட்டும் வீட்டில். தோழிக்கு அப்பா வழி ஹவாய்ப் பூர்வகுடி, அம்மா வழி சீனம். ஒவ்வொரு அயிட்டத்திலும் இரண்டு பக்கமும் இருக்க வேண்டும் என்று பிடிவாதமாகத் திட்டம் போட்டிருந்தாள்: காலுவா (மண்குழியில் வேகவைத்து நாராகப் பிய்ப்பது) பன்றிக்கறி வைத்த மனாபுவா (ஆவியில் வெந்த பன்), காலுவாவும் முட்டைக்கோஸும் வைத்த காவ் ஜீ (பொரித்த மாவு மடிப்பு), காலுவா வைத்த வூ கொக் (பொரித்த கிழங்கு உருண்டை), வாண்டன் (மெல்லிய மாவு ஷீட்) சிப்ஸ் மேல் போகே (பச்சை மீன் கலவை), அன்னாசிச் சாற்றில் ஊறிய சார் சியூ (இனிப்பு சாஸில் ஊறவைத்து வாட்டும் சீனப் பன்றிக்கறி) குச்சி. நான் உதவிக்குப் போனேன். ஐந்தில் மூன்று நன்றாக வந்தது, ஒன்று பாதியில் மாறியது, ஒன்று கைவிடப்பட்டது. ஏன் அப்படி ஆனது என்று பார்ப்பது பயனுள்ளது. தனித்தனிக் கோளாறுகள் போலத் தெரிந்தாலும் பெரும்பாலானவற்றுக்குக் காரணம் ஒன்றே: ஹவாய்ப் பக்கத்து உள்ளடக்கம் எல்லாம் ஈரம், சீனப் பக்கத்து மேலுறை எல்லாம் மாவு.

கலவை எங்கிருந்து வந்தது

இந்த இரண்டு சமையலையும் சேர்த்தது ஓட்டல்காரர்கள் இல்லை. 1852 ஜனவரியில் தீட்டிஸ் என்ற கப்பல், அமாய் துறைமுகத்திலிருந்து சுமார் இருநூறு சீனத் தொழிலாளர்களை ஐந்தாண்டு ஒப்பந்தத்தில் கரும்புத் தோட்டங்களுக்குக் கொண்டுவந்தது. அதற்குப் பின் வந்தவர்களில் பெரும்பாலோர் குவாங்டாங் (கான்டன்) மாகாணத்தவர்கள், அதிலும் இன்று ஜோங்ஷான் என்று சொல்லப்படும் பகுதிக்காரர்கள். (சீனப் புரட்சித் தலைவர் சன் யாட்-சென் ஊரும் அதுதான். அவர் 1879-இல் சிறுவனாக அண்ணனைத் தேடி ஹவாய்க்கு வந்து, ஹொனலூலுவில் பள்ளியில் படித்தவர்.) ஒப்பந்தம் முடிந்ததும் பலர் தோட்டத்தை விட்டுவிட்டு நெல் பயிரிட்டார்கள், கடை வைத்தார்கள், ஹவாய்ப் பெண்களை மணந்தார்கள். ஒரே அடுப்படியில் இமு என்ற மண்குழியில் வெந்த பன்றியும் ஆவியில் வெந்த பன்னும் சேர்ந்தது அப்படித்தான். மனாபுவா என்பது சார் சியூ பாவ் என்ற கான்டனீஸ் கறிப் பன்னின் ஹவாய் வடிவம், கொஞ்சம் பெரியது. ஒரு காலத்தில் தோளில் காவடித் தடி போட்டு, இரண்டு பக்கமும் டின் தொங்கவிட்டு, தெருத்தெருவாக விற்றார்கள். பின்னாளில் வண்டி வந்தது.

அமெரிக்கப் பெருநிலத்தில் 'பூப்பூ பிளாட்டர்' என்று தீ எரிய மேசைக்கு வருவது வேறு கதை. டான் பீச், டிரேடர் விக் போன்றவர்கள் 1930-களில் தொடங்கிவைத்த டிக்கி பாணி ஓட்டல்களின் சரக்கு அது. பாலினேசியப் பெயர்ப்பலகை, உள்ளே பெரும்பாலும் கான்டனீஸ் சமையல். க்ராப் ரங்கூன் அங்கிருந்து வந்ததுதான்: வாண்டனுக்குள் நண்டும் க்ரீம் சீஸும். சீனத்திலும் இல்லை, ஹவாயிலும் இல்லை, ரங்கூனில் போய்த் தேடினாலும் கிடைக்காது. சுவை மோசமில்லை. ஆனால் தோழி அதைப் பட்டியலில் சேர்க்கவே இல்லை, சரியான முடிவு.

காலுவா: எல்லாவற்றுக்கும் அடி

உண்மையான காலுவா, மண்ணில் குழி தோண்டி, கியாவே விறகில் கற்களைப் பழுக்கவைத்து, முழுப் பன்றியை இலைகளால் மூடி வேகவைப்பது. அந்தக் குழிதான் இமு. வீட்டில் யாரும் அதைச் செய்வதில்லை. பன்றித் தோள்கறி, கரகரப்பான உப்பு, லிக்விட் ஸ்மோக் (புகைமணம் தரும் திரவம்), மூட டி செடியின் அகன்ற இலை, கிடைக்காவிட்டால் வாழை இலை. எலும்போடு சுமார் 3 கிலோ கறியில் கத்தியால் ஆழமாகக் குத்தி, உப்பையும் ஒன்றரை மேசைக்கரண்டி லிக்விட் ஸ்மோக்கையும் தேய்த்து, இலையில் சுற்றி, ஸ்லோ குக்கரில் ராத்திரி முழுக்க விட்டுவிட்டாள். காலையில் முள்கரண்டி பட்டாலே நாராகப் பிரிந்தது.

வழக்கமாக இந்த அளவுக்கு மூன்று மேசைக்கரண்டி உப்பு போடுவார்கள். சோற்றோடு சாப்பிடுகிற காலுவாவுக்கு அது சரி. ஆனால் இங்கே பானையில் இறங்கிய சாற்றைச் சுண்டவைத்து உள்ளே வைக்கப்போகிறோம், சுண்டினால் உப்பு ஏறும். அப்புறம் ஆய்ஸ்டர் சாஸின் உப்பு வேறு. அதனால் இரண்டோடு நிறுத்தினாள். அதுவும் கடைசியில் சரியாக இருந்தது என்று சொல்லலாமே தவிர, குறைவு என்று சொல்ல முடியாது.

இனி அந்தச் சாறு. பிய்த்த கறியை அப்படியே மாவுக்குள் வைத்தால், ஆவியில் வேகும்போது சாறு வெளியேறி பன்னின் அடிப்பாகம் களியாகிவிடும். கறியை ஒட்டப் பிழிந்துவிட்டால் நார் நாராக, பஞ்சைத் தின்பது போல ஆகும். கான்டனீஸ் சமையல்காரர்கள் இதற்கு எப்போதோ வழி கண்டுவைத்திருக்கிறார்கள்: சார் சியூ பாவின் உள்ளே இருக்கும் அந்தப் பளபளப்பான கெட்டிச் சாறு. தோழியும் அதையே காலுவாவுக்குப் பிடித்தாள். பானைச் சாற்றின் மேல் மிதந்த கொழுப்பை எடுத்துத் தனியே வைத்தாள் (வூ கொக்குக்கு வேண்டும்). மிச்சத்தை ஒரு கப் அளவுக்குச் சுண்டவைத்து, ஒரு மேசைக்கரண்டி ஆய்ஸ்டர் சாஸ், இரண்டு தேக்கரண்டி சர்க்கரை, தண்ணீரில் கரைத்த இரண்டு தேக்கரண்டி கார்ன்ஃப்ளார் சேர்த்துக் கிளறி, கறியில் கொட்டிப் பிரட்டி, ராத்திரி ஃபிரிட்ஜில் வைத்தாள். தோள்கறியின் ஜவ்விலிருந்து இறங்கிய ஜெலட்டினும் ஸ்டார்ச்சும் சேர்ந்து, காலையில் கரண்டியால் வெட்டி எடுக்கும் பதத்தில் உறைந்திருந்தது. மாவுக்குள் வைக்கும்போது கட்டி, வெந்த பிறகு மறுபடி சாறு. மேசையில் மற்றதெல்லாம் நின்றது இந்த ஒரு வேலையால்தான்.

மனாபுவா

கடை மனாபுவா ஒன்றே காலைச் சாப்பாட்டுக்குப் போதும். பூப்பூவுக்கு அந்த அளவு ஒத்துவராது. முப்பது கிராம் மாவு, பதினைந்து கிராம் உள்ளடக்கம் என்று சிறிதாகச் செய்தோம். மாவு சாதாரணமானதுதான்: 300 கிராம் மைதா, ஒரு தேக்கரண்டி ஈஸ்ட், மூன்று மேசைக்கரண்டி சர்க்கரை, ஒரு மேசைக்கரண்டி எண்ணெய், 160 மில்லி வெதுவெதுப்பான தண்ணீர். ஒரு மணி நேரம் பொங்கவிட்டு, ஒரு தேக்கரண்டி பேக்கிங் பவுடரைத் தூவி மறுபடி பிசைந்து, வட்டமாகத் திரட்ட வேண்டும். நடுவில் தடிமனாகவும் ஓரத்தில் மெல்லியதாகவும் இருந்தால், மடித்துச் சேர்க்கும் இடம் கட்டியாகாது.

முதல் ஈட்டில் பன்களின் தலையில் அம்மைத் தழும்பு போலக் குழிகள். தோழியின் அம்மா, மூத்த பெண்கள் எல்லாருக்கும் ஹவாயில் ஆன்ட்டிதான் என்பதால் எனக்கும் ஆன்ட்டி, வந்து பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் மூடியைக் கழற்றி ஒரு டீ டவலில் கட்டி முடிச்சுப் போட்டார். "மூடியிலிருந்து சொட்டுற தண்ணி விழுந்தா மாவு அப்படியே சுருங்கிடும்மா." இட்லிப் பானை வைத்திருக்கும் யாருக்கும் இது தெரிந்த சங்கதிதான், ஆனால் மூங்கில் ஸ்டீமருக்குப் பழகியவர் எஃகுப் பாத்திரத்தில் செய்யும்போது மறந்துவிடுகிறது. மூங்கில் மூடி ஆவியைத் தானே உறிஞ்சிக்கொள்ளும், எஃகு உறிஞ்சாது. பன்னிரண்டு நிமிடம், அடுப்பை அணைத்து இரண்டு நிமிடம் கழித்துத்தான் மூடியைத் திறப்பது. உடனே திறந்தால் பொங்கி நின்ற பன் சட்டென்று அமுங்கிவிடும். முந்தின நாளே வேகவைத்து ஃபிரிட்ஜில் வைத்து, விருந்தன்று ஐந்து நிமிடம் மறுபடி ஆவி காட்டினோம். வித்தியாசம் தெரியவில்லை.

வூ கொக்: கிழங்கில் வந்த சிக்கல்

கிழங்கு இரண்டு பக்கத்துக்கும் சொந்தம் என்பதால் தோழி மிகவும் எதிர்பார்த்த அயிட்டம் இதுதான். ஹவாய்க்காரர்களுக்குக் காலோ (இந்தக் கிழங்குக்கு அங்கே பெயர்) உணவு மட்டும் இல்லை, வம்சாவளிக் கதையில் மூத்த அண்ணன். அதை வேகவைத்து இடித்தால் பாய் என்ற களி. டிம் சம் என்ற கான்டனீஸ் சிற்றுண்டிகளில் அதே கிழங்கை மசித்து, உள்ளே கறி வைத்துப் பொரித்தால் வூ கொக். மேலே தேன்கூடு போலப் பொரிந்த வலை, உள்ளே வெண்ணெய் மாதிரிக் கிழங்கு, நடுவில் கறி. நம் சேப்பங்கிழங்கும் இதே இனம்தான்.

வகையில்தான் வம்பு. தோழியின் சித்தப்பா தன் வயலில் விளைந்த காலோவை ஒரு பை நிறையக் கொடுத்திருந்தார். தண்ணீர் கட்டி வளர்க்கும் பாய் வகை. குடும்ப வயல் கிழங்கை விட்டு வேறு எதை வைப்பது என்று அதையே வேகவைத்தாள். வெந்ததும் பசை பசையாக வந்தது. பாய்க்கு வேண்டியது அந்தப் பசைதான். ஆனால் பொரிப்பதற்கு அது எமன். கூடுதலாக ஸ்டார்ச் போட்டுப் பிசைந்து எண்ணெயில் இறக்கியதும் முதல் உருண்டை கீழே ஒட்டியது, இரண்டாவது வாய் பிளந்து கறியைக் கக்கியது, எண்ணெய் முழுக்கக் கறுப்புத் துணுக்குகள்.

அப்புறம் சைனாடவுனுக்கு வண்டி. கிங் தெருவில் 1904-லிருந்து நடக்கும் ஓவாஹு மார்க்கெட் பக்கம் போனால் சீனக் கிழங்கு கிடைக்கும். வெட்டினால் வெள்ளையில் ஊதா நரம்பு ஓடும், பெரிய கிழங்கு. ஹவாயில் இந்த வகைக்கு பன் லாங் என்று பெயர், கிழங்கு சிப்ஸ் போடுபவர்கள் தேடி வாங்குவது. வெந்தால் மாவு மாவாக உதிரும். (நம்மூரில் செய்து பார்க்க நினைப்பவர்கள் சிறிய வழவழப்புச் சேப்பங்கிழங்கை எடுத்தால் தோழியின் முதல் ஈட்டு கதைதான் ஆகும். பெரிதாக, வெட்டினால் வறண்டு தெரிகிற வகை வேண்டும்.) எந்த வகையானாலும் முழுக்க வேக வேண்டும். அரைவேக்காட்டில் கால்சியம் ஆக்சலேட் ஊசிகள் தொண்டையைப் பிறாண்டும்.

அளவு இது. வெந்து மசித்த கிழங்கு 500 கிராம். கோதுமை ஸ்டார்ச் 120 கிராம், கொதிக்கும் தண்ணீர் அதே அளவு ஊற்றிக் கிளறி, பளிங்கு மாதிரி ஆனதும் கிழங்கோடு சேர்ப்பது. கோதுமை மாவு வேறு, கோதுமை ஸ்டார்ச் வேறு. ஸ்டார்ச்சில் குளூட்டன் எடுக்கப்பட்டிருக்கும், அதனால் இழுபடாது. பன்றிக் கொழுப்பு 100 கிராம், இங்கே காலுவாவின் மேல் மிதந்ததையே வடிகட்டி, பற்றாததற்குக் கடையில் வாங்கிச் சேர்த்தாள். உப்பு, சர்க்கரை, ஒரு சிட்டிகை ஃபைவ் ஸ்பைஸ். கலவையை ஃபிரிட்ஜில் நன்றாகக் குளிரவைத்து, உறைந்த காலுவாவைச் சின்ன உருண்டையாக உள்ளே வைத்து மூட வேண்டும்.

பொரிக்கும்போது வலை எப்படி வருகிறது? சூடான எண்ணெயில் மேற்பரப்பில் உள்ள கொழுப்பு உருகி வெளியேறுகிறது, அது விட்டுப்போன இடைவெளிகளைச் சுற்றி ஸ்டார்ச் பொரிந்து இறுகுகிறது. எண்ணெய் 180 டிகிரிக்குக் குறைந்தால், இறுகுவதற்கு முன்பே எல்லாம் உருகி உதிர்ந்துவிடும். மிக அதிகமானால், வலை விரிவதற்குள் வெளிப்புறம் முறுகி வழவழப்பான வடை கிடைக்கும். கொழுப்பு குறைந்தாலும் அதே வடைதான். அதனால் முதலில் ஒரே ஒரு உருண்டையைப் போட்டுப் பார்ப்பது சடங்கு. உதிர்ந்தால் கலவையில் கொஞ்சம் ஸ்டார்ச், வலை வரவில்லை என்றால் கொஞ்சம் கொழுப்பு. ஒரு தடவையில் நான்கைந்துக்கு மேல் போட்டால் எண்ணெயின் சூடு இறங்கிவிடும். தெர்மாமீட்டர் இல்லாமல் இதில் இறங்க வேண்டாம் என்பது என் கருத்து. ஆன்ட்டி மூங்கில் குச்சியை எண்ணெயில் நட்டு, குமிழியைப் பார்த்தே சொல்லிவிடுவார். அவர் ஐம்பது வருஷமாகச் செய்கிறார்.

பன் லாங் கிழங்கில் வலை அழகாக வந்தது. சித்தப்பாவின் காலோ வீணாகவில்லை, இடித்துப் பாய் ஆக்கி, முக்கியச் சாப்பாட்டு மேசையில் வைத்தார்கள். அவர் திருப்தியாகத்தான் போனார்.

காவ் ஜீ

சொல்ல அதிகமில்லை, அவ்வளவு சுலபம். ஹவாய்ச் சீன ஓட்டல்களில் கிடைக்கும் காவ் ஜீ, சதுர வாண்டன் ஷீட்டை நீளவாக்கில் இரண்டாக மடித்து ஓரம் ஒட்டிப் பொரிப்பது. வழக்கமாக உள்ளே கொத்திய பன்றிக்கறி, இறால், வாட்டர் செஸ்ட்நட். தோழி வைத்தது காலுவாவும் முட்டைக்கோஸும், அதாவது ஹவாயில் தினசரிச் சாப்பாட்டுக் கடைகளில் கிடைக்கும் ஜோடி. கோஸைப் பொடியாக நறுக்கி, உப்புத் தூவி, இருபது நிமிடம் கழித்துத் துணியில் கட்டி முறுக்கிப் பிழிந்தாள். இரண்டு கைப்பிடி கோஸிலிருந்து அரை டம்ளருக்குக் கிட்ட தண்ணீர். இந்தப் பிழிதலைத் தவிர்த்தால் எண்ணெய் வெடிக்கும், ஷீட் பத்து நிமிடத்தில் தொளதொளக்கும். மொறுமொறுப்புக்காக வாட்டர் செஸ்ட்நட்டை மட்டும் அப்படியே வைத்துக்கொண்டாள். பச்சையாகவே மடித்து ஃபிரீசரில் வைத்து, அப்படியே நேராக எண்ணெயில் போடலாம். தொட்டுக்கொள்ள, காரக் கடுகுப் பொடியைத் தண்ணீரில் குழைத்து அதன் மேல் ஷோயு, அதாவது சோயா சாஸ். மூக்கில் ஏறும். அது ஏறவில்லை என்றால் கடுகு பழசு.

அன்னாசி: கைவிடப்பட்ட குச்சி

'ஹவாய்' என்றதும் அன்னாசியைக் கொட்டுவது வெளியூர்க்காரர்களின் பழக்கம். ஹவாயன் பீட்சாவே 1962-இல் கனடாவின் ஒன்டாரியோவில் ஒரு கிரேக்கக் குடியேறி செய்தது. அன்னாசி ஹவாயின் பூர்விகப் பழமும் இல்லை, 1901-இல் ஜேம்ஸ் டோல் கம்பெனி தொடங்கிய பிறகுதான் டின் டின்னாகத் தீவின் அடையாளம் ஆனது. உள்ளூர்க்காரியான தோழியும் இந்த வலையில் விழுந்ததுதான் வேடிக்கை. மகள் இன்ஸ்டாகிராமில் பார்த்தாளாம். பன்றிக்கறித் துண்டுகளை சார் சியூ சாஸிலும் புதிதாகப் பிழிந்த அன்னாசிச் சாற்றிலும் ராத்திரி முழுக்க ஊறவைத்தார்கள்.

காலையில் எடுத்து விரலால் அழுத்தினால் வெளிப்புறம் மாவாகக் குழைந்தது. சமைக்காத அன்னாசியில் உள்ள புரோமலைன் என்ற நொதி புரதத்தை அறுத்துக்கொண்டே இருக்கும். அரை மணி நேரம் என்றால் கறி மிருதுவாகும், ராத்திரி முழுக்க என்றால் கூழ். குச்சியில் நிற்கவில்லை, கிரில்லில் வைத்தால் கம்பியில் ஒட்டி உரிந்தது. டின் அன்னாசியாக இருந்திருந்தால் இந்தப் பிரச்சினையே இல்லை, பதப்படுத்தும் சூட்டில் நொதி செத்துவிடும். புதுச் சாறுதான் வேண்டும் என்றால் ஒரு கொதி விட்டு ஆறவைத்து ஊற்றலாம்.

குச்சிக்குப் பதிலாக வைத்தது: நறுக்கிய புது அன்னாசி, மேலே லி ஹிங் பொடி. சீனாவிலிருந்து வந்த உப்பு-இனிப்பு உலர் பிளம் பழத்தை அரைத்த சிவப்புப் பொடி அது, ஹவாயில் குழந்தைகள் எல்லாவற்றிலும் தூவிக்கொள்வார்கள். மாங்காய்க்கு உப்பு மிளகாய்த்தூள் நமக்கு எப்படியோ அப்படி. இரண்டு நிமிட வேலை. சீனமும் ஹவாயும் உண்மையிலேயே சேர்ந்த அன்னாசி இதுதான்.

போகேயும் நேரக் கணக்கும்

மஞ்சள் துடுப்புச் சூரை மீன், வெங்காயத்தாள், லிமு பாசி, வறுத்து இடித்த குகுயி கொட்டை, சோயா சாஸ், எள்ளெண்ணெய் கொஞ்சம். பச்சை மீன் என்பதால் விஷயம் எல்லாம் ஐஸில்தான் இருக்கிறது. சூரை மீன் வெதுவெதுப்பில் கிடந்தால் ஹிஸ்டமின் சேரும், பிறகு ஃபிரீசரில் வைத்தாலும் வறுத்தாலும் அது போகாது. மே மாதத்துக் கராஜில் ஐஸ் தட்டு இல்லாமல் போகே வைப்பது விஷப்பரீட்சை. உப்பும் சோயா சாஸும் பட்டதும் மீன் தண்ணீர் விடத் தொடங்கும், அதனால் பரிமாறுவதற்குச் சற்று முன்தான் கலந்தார்கள். முக்கோணமாக வெட்டிப் பொரித்த வாண்டன் சிப்ஸ் மேல் முன்கூட்டியே அடுக்கி வைத்த முதல் தட்டு, லெய் மாலைகளோடு எல்லாரும் ஃபோட்டோ எடுத்து முடிப்பதற்குள் நமத்துவிட்டது. இரண்டாவது தட்டிலிருந்து சிப்ஸ் ஒரு கிண்ணம், போகே ஒரு கிண்ணம், அவரவர் எடுத்துக்கொள்ளட்டும் என்று மாற்றினார்கள். பார்வைக்கு எடுப்பில்லை, ஆனால் எல்லாம் மொறுமொறுப்பாகவே போனது.

வேலை நேரமும் இதே ஈரக் கணக்கில்தான் அமைந்தது. காலுவாவும் மனாபுவாவும் முன்கூட்டியே முடிந்தன. காவ் ஜீ ஃபிரீசரில் இருந்தது. சிப்ஸ் காலையில் பொரித்து, ஆறியதும் டின்னில் போய்விட்டது. கடைசி ஒரு மணி நேரத்துக்கு மிஞ்சியது வூ கொக்கையும் காவ் ஜீயையும் பொரிப்பதும் போகே கலப்பதும் மட்டும். ஒரு ஆள் அடுப்பை விட்டு நகர முடியாது, அந்த ஆள் விருந்தைப் பார்க்க முடியாது. அன்றைக்கு அது தோழியேதான். இரண்டு பொரியலில் ஒன்றைக் குறைத்திருக்கலாம் என்று நான் இன்னும் நினைக்கிறேன். எதை என்று கேட்டால் பதில் சொல்வது கஷ்டம், ஏனென்றால் முதலில் காலியானது காவ் ஜீ, சாப்பிட்டவர்கள் தேடி வந்து விசாரித்தது வூ கொக்.

சைவம் கேட்ட இரண்டு விருந்தினருக்குப் பலாப்பிஞ்சில் காலுவா செய்தார்கள். உப்புத் தண்ணீரில் ஊறிய டின் பலாப்பிஞ்சை நன்றாக அலசிப் பிழிந்து, நாராகப் பிய்த்து, லிக்விட் ஸ்மோக்கும் உப்பும் போட்டு வாணலியில் வறட்டுவது. சுவை எதிர்பார்த்ததைவிடக் கிட்ட வந்தது. ஆனால் பலாவில் ஜெலட்டின் இல்லாததால், ஃபிரிட்ஜில் வைத்தாலும் உறையாது, மாவுக்குள் வைக்கும்போது சாறு வழிந்தது. கார்ன்ஃப்ளாரை இரண்டு மடங்காக்கி, ஆய்ஸ்டர் சாஸுக்குப் பதில் காளான் சாஸ் ஊற்றிச் சமாளித்தார்கள். நம் வீடுகளில் கடல்பாசி (அகர் அகர்) இருக்கும், சுண்டவைத்த சாற்றில் அரைத் தேக்கரண்டி பொடியைக் கொதிக்கவிட்டு ஆறவைத்தால் இதைவிடக் கெட்டியாக நிற்கும். ஒன்று மட்டும், கடல்பாசி ஜெலட்டின் மாதிரி இளஞ்சூட்டில் உருகாது, கொதிநிலைக்குப் பக்கத்தில்தான் உருகும். அதனால் பன்னைப் பிட்டதும் சாறு ஓடுவதை எதிர்பார்க்க முடியாது.